தொட்டியடியில் ஒரு மணி நேரம்

மலையடிவாரத்தில் ஒரு மடம் இருந்தது. மடம் என்றதும் கோபுரமும் யானையும் நினைத்துக்கொள்ள வேண்டாம். ஓடு போட்ட ஒரு கூடம், ஒரு சமையல்கட்டு, ஒரு கிணறு, ஒரு மாமரம். மதியம் யார் வந்தாலும் சோறு உண்டு. சாதாரண நாளில் அறுபது பேர் சாப்பிடுவார்கள். அமாவாசை என்றால் இருநூறைத் தாண்டிவிடும்.

அங்கே குரு உலகம்மை. நாற்பத்தேழு வயது. முன்பு ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவர். எல்லோருக்கும் அவர் அம்மை.

மூத்த சீடர் நல்லபெருமாள். அறுபத்தொரு வயது. மின்வாரியத்தில் லைன் இன்ஸ்பெக்டர் வேலையை விட்டுவிட்டு மடத்துக்கு வந்து பதினோரு வருஷம் ஆகிறது. குருவை விடச் சீடருக்கு வயது கூட என்பதால் அம்மை அவரை "அண்ணாச்சி" என்றுதான் கூப்பிடுவார். நல்லபெருமாளுக்கு அதில் உள்ளூர ஒரு பெருமை. மற்ற சீடர்களைக் குரு வெறும் பேர் சொல்லித்தானே கூப்பிடுகிறார்!

ஆனால் அவருடைய பெரிய சொத்து அது இல்லை. மதியம் இரண்டு மணி முதல் மூன்று மணி வரை உள்ள நேரம்தான்.

பந்தி முடிந்ததும் நல்லபெருமாள் தொட்டியடியில் நின்று தட்டுகளைக் கழுவுவார். அம்மை ஒரு துண்டை எடுத்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்று துடைத்து அடுக்குவார். பெரிதாக ஒன்றும் பேச மாட்டார்கள். ரசத்தில் புளி தூக்கல், கிணற்றில் தண்ணீர் இறங்கிவிட்டது, இந்த மட்டில்தான் பேச்சு. ஆனாலும் அம்மை ஒரு ஆளுக்குப் பக்கத்தில் ஒரு மணி நேரம் நிற்பது அங்கே மட்டும்தான். வெளியூரிலிருந்து மூன்று பஸ் மாறி வருகிறவர்களுக்குக்கூட ஐந்து நிமிஷத்துக்கு மேல் கிடையாது.

அந்த ஒரு மணி நேரத்துக்குத்தான் டிஷ்வாஷர் ரூபத்தில் ஆபத்து வந்தது.

ஊரை விட்டுப் போன ஒரு ஹோட்டல்காரர் தன் சமையல்கட்டில் இருந்த மெஷினை மடத்துக்குக் கொடுத்துவிட்டார். இடுப்பு உயரம் இருக்கும். கூடையில் தட்டுகளை அடுக்கி உள்ளே தள்ளி, கதவை மூடி, பச்சைப் பொத்தானை அமுக்கினால் போதும். நாலு நிமிஷத்தில் கழுவி முடித்துவிடும். கொதிக்கக் கொதிக்க வெளியே வரும் தட்டு கூடையிலேயே காய்ந்துவிடும். துண்டுக்கு வேலையே இல்லை.

அதை இயக்கத் தெரிந்தவள் குணவதி மட்டும்தான். முப்பத்தைந்து வயது. தூத்துக்குடியில் ஒரு ஹோட்டல் சமையல்கட்டில் எட்டு வருஷம் வேலை பார்த்துவிட்டு, மடத்துக்கு வந்து இருபது நாள்தான் ஆகியிருந்தது. இடது கையை எப்போதும் சேலை முந்திக்குள் மறைத்தே வைத்திருப்பாள். எல்லா வேலையும் வலது கையால்தான். நல்லபெருமாளுக்கு அது திமிராகப் பட்டது.

முதல் நாளே அவள் எல்லோருக்கும் சொல்லிக் கொடுத்தாள்.

"கதவு சரியா மூடலேன்னா ஓடாது. உள்ள தண்ணி நிறையலேன்னாலும் ஓடாது. பின்னாடி இருக்கற வால்வை மட்டும் யாரும் மூடிராதீங்க."

மெஷின் வந்த மறுநாள், மணி இரண்டு அடித்தது. நல்லபெருமாள் வழக்கம்போலத் தொட்டியடியில் போய் நின்றார். அண்டாவும் குண்டானும் தவிரக் கழுவ ஒன்றுமில்லை. அம்மை வரவில்லை. ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்.

மாமரத்தடியில் அம்மை உட்கார்ந்திருந்தார். எதிரே குணவதி, இவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. அவள் என்னவோ சொன்னாள். அம்மை சிரித்தார்.

பதினோரு வருஷத்தில் தொட்டியடியில் அம்மை சிரித்தது மொத்தம் எத்தனை தடவை என்று நல்லபெருமாள் யோசித்துப் பார்த்தார். ஒரு கை விரல் போதுமாக இருந்தது. வயிறு எரிந்தது அவருக்கு. பொய் சொல்வானேன், நல்ல மனுஷர்தான், ஆனாலும் எரிந்தது.

இப்படி இருபது நாள் போனது. தினமும் இரண்டு மணிக்கு மாமரம், தினமும் ஜன்னல், தினமும் அந்த முதுகு.

இருபத்தோராம் நாள் அவர் வால்வை மூடினார்.

அதற்கு ஒரு சாக்கும் கையில் இருந்தது. மடத்தில் தண்ணீருக்குத் தட்டுப்பாடு. 'கடைசியாகப் போகிறவர் எல்லாக் குழாயையும் மூட வேண்டும்' என்று தொட்டிக்கு மேலே பெயின்ட்டில் எழுதியிருக்கும். எழுதியதே நல்லபெருமாள்தான். பதினோரு வருஷமாகக் கடைசியாகப் போகிறவரும் அவர்தான். யாராவது கேட்டால், பழக்கதோஷம் என்று சொல்லிக்கொள்ளலாம். அப்படி நினைத்துக்கொண்டேதான் மெஷினுக்குப் பின்னால் கையை விட்டுத் திருகினார்.

மறுநாள் மதியம் மெஷின் ஓடவில்லை.

அம்மை வந்தார். பக்கத்தில் குணவதி நின்றுகொண்டிருந்தாள். அவள் வாயைத் திறப்பதற்குள் அம்மை சொன்னார்.

"அண்ணாச்சி, நீங்க கரண்டு ஆபீஸ்ல இருந்தவங்கல்லா. என்னன்னு பாருங்க."

நல்லபெருமாள் டெஸ்டரை எடுத்து வந்தார். திருகாணிகளைக் கழற்றினார். ஒயரைத் தொட்டார், முகர்ந்தார், புருவத்தை நெரித்தார். நாடகக்காரன் தோற்றான்.

"மோட்டார் போயிருக்கும்னு நினைக்கேன் அம்மை. ஆள் வந்துதான் பாக்கணும்."

"அப்போ கையால கழுவுவோம்."

அம்மை இடுப்பில் துண்டைச் செருகிக்கொண்டு தொட்டியடிக்கு வந்தார். நல்லபெருமாள் அன்றைக்குத் தட்டுகளைக் கழுவிய அழகைப் பார்த்திருக்க வேண்டும். கல்யாண மாப்பிள்ளை தோற்றுவிடுவார்.

இரண்டாம் நாளும் மெஷின் ஓடவில்லை. அம்மை வந்தார், துடைத்தார். நல்லபெருமாள் தைரியம் கொண்டு கேட்டார்.

"அம்மை, குருவுக்கு எல்லாச் சீடரும் ஒண்ணுதானா? இல்ல, ஒருத்தர் கொஞ்சம் கிட்ட, ஒருத்தர் கொஞ்சம் தூரமா?"

அம்மை கையில் இருந்த தட்டை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். அவரிடமே திருப்பிக் கொடுத்தார்.

"இதுல சோறு ஒட்டியிருக்கு."

நல்லபெருமாள் மறுபடியும் கழுவினார். கேள்வியை மறுபடியும் கேட்கவில்லை.

மூன்றாம் நாள் பந்தி நடந்துகொண்டிருந்தது. குணவதி சாம்பார் வாளியுடன் வாசல்படியைத் தாண்டினாள். கால் இடறியது. விழாமல் இருக்க இடது கையாலும் வாளியைப் பிடித்தாள். அடுத்த கணம் "ஐயோ" என்று வாளியைப் போட்டுவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்துவிட்டாள்.

பக்கத்தில் நின்ற நல்லபெருமாள் ஓடிப்போனார். முந்தி விலகியிருந்தது. மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை துணிக்கட்டு. துணி மஞ்சளாக ஊறிப்போய் தோலோடு ஒட்டியிருந்தது.

"என்னம்மா இது?"

"எண்ணெய் கொட்டினது அண்ணாச்சி. ஹோட்டல்ல. அதோடதான் இங்க வந்தேன்."

"மருந்து போடலையா?"

"மெஷின் வந்ததுலருந்து தினம் ரெண்டு மணிக்கு மாமரத்தடியில வெச்சு அம்மைதான் கட்டு மாத்துவாங்க. வலி தெரியக் கூடாதுன்னு என்னை ஏதாவது பேச வைப்பாங்க. இப்போ ரெண்டு நாளா மாத்தல."

"ஏன்?"

குணவதி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"அம்மை கூப்பிட்டாங்க. ஆறிருச்சுன்னு நான்தான் சொல்லிட்டேன்."

அவள் எதற்காக அப்படிப் பொய் சொன்னாள் என்று நல்லபெருமாள் கேட்கவில்லை. எழுந்து நேரே மெஷினுக்குப் பின்னால் போனார். யாரும் பார்க்கிறார்களா என்றுகூடப் பார்க்காமல் வால்வை முழுக்கத் திறந்தார். உள்ளே தண்ணீர் நிறையும் சத்தம் கேட்டது.

பந்தி முடிந்தது. அம்மை துண்டோடு வந்தார்.

"அம்மை, துண்டு வேண்டாம். மெஷின் சரியாயிட்டு. நீங்க போய் அந்தப் புள்ளை கையைப் பாருங்க."

"மோட்டார் போச்சுன்னீங்களே?"

"இப்போ ஓடும்."

நல்லபெருமாள் கூடையை உள்ளே தள்ளினார். கதவை மூடினார். பச்சைப் பொத்தானை அமுக்கினார்.

மெஷின் சும்மா இருந்தது.

மறுபடியும் அமுக்கினார். கதவைத் திறந்து மூடி அமுக்கினார். தட்டிப் பார்த்தார். டெஸ்டரை வைத்தார், கரண்டு இருந்தது. குனிந்து பார்த்தார், தண்ணீர் இருந்தது. இந்தத் தடவை நாடகம் இல்லை. நாளைக்கு அமாவாசை. இருநூறு தட்டுக்கு மேல் கழுவ வேண்டும். அதை விட, தான் உண்மையிலேயே மெஷினைக் கெடுத்துவிட்டோமோ என்கிற பயம்.

அம்மை ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார்.

"குணவதி, நீயும் வா."

அவள் வந்து சுவரோரம் நின்றாள்.

"ஓடட்டும். பாத்துட்டுப் போறேன்" என்றார் அம்மை.

நல்லபெருமாள் இன்னொரு தடவை அமுக்கினார்.

"ஏன் ஓடலேன்னு தெரியலையே! நான்தான் வால்வைத் திறந்துட்டேனே!"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே உறைத்தது.

"மூடினது யாரு?" அம்மை கேட்டார்.

"நான்தான். கடைசியா போறவங்க மூடணும்னு எழுதியிருக்குல்லா."

அம்மை அந்த எழுத்தை ஒரு தடவை பார்த்தார். அவர் ஏதாவது திட்டியிருந்தால் நல்லபெருமாள் தப்பித்திருப்பார். எழுத்தைக் காட்டியே வாதாடியிருப்பார்.

"இல்ல அம்மை. அதுக்காக மூடல. வயித்தெரிச்சல்ல மூடினேன். பதினோரு வருஷமா நீங்க என் பக்கத்துல நின்னீங்க. இவ வந்து நாப்பது நாளு. நீங்க அங்க போயிட்டீங்க. என்னால தாங்க முடியல. மெஷின் நின்னா நீங்க வருவீங்கன்னு மூடினேன். வந்தீங்க. சந்தோஷமாத்தான் இருந்துச்சு. இவ கையைப் பாக்கற வரைக்கும்."

குழாயில் ஒரு சொட்டு விழுந்தது.

"திறந்தாச்சு. இன்னும் ஏன் ஓடல?" என்றார் அம்மை. அதை நல்லபெருமாளைப் பார்த்துக் கேட்கவில்லை. யாரையும் பார்த்துக் கேட்கவில்லை.

குணவதி முந்தியின் நுனியை எடுத்தாள். அதில் ஒரு முடிச்சு. ஒரு கையாலும் பல்லாலும் அவிழ்த்தாள். உள்ளே காசு அளவில் கறுப்பாக ஒரு துண்டு இருந்தது.

"இது கதவு ஓரத்துல இருக்கற காந்தம் அம்மை. இது இருந்தாத்தான் கதவு மூடினது மெஷினுக்குத் தெரியும். இல்லேன்னா திறந்து கிடக்குன்னே நினைச்சுக்கிடும்."

"உன்கிட்ட எப்படி வந்துச்சு?"

"கழத்திட்டேன்."

நல்லபெருமாள் வாயைப் பிளந்தார்.

"முதல் நாளே வால்வு மூடியிருக்கறதைப் பாத்துட்டேன்" என்றாள் குணவதி. "சொல்லத்தான் வந்தேன். அதுக்குள்ள நீங்க அண்ணாச்சியைக் கூப்பிட்டு மெஷினைப் பாக்கச் சொல்லிட்டீங்க. எட்டு வருஷம் நான் ஓட்டின மெஷின். என்னைக் கேக்கலையே நீங்க! எனக்குக் கண்ணு கலங்கிருச்சு. எப்படியும் இவுக வால்வைத் திறப்பாக, தானே சரி பண்ணினேன்னு பேரு வாங்கிக்கிடுவாகன்னு நினைச்சேன். அதான் காந்தத்தைக் கழத்தினேன். அண்ணாச்சியால முடியலேன்னு ஆகணும். கடைசியில நீங்க என்னைக் கூப்பிடணும்."

நல்லபெருமாள் பக்கம் கையைக் காட்டிச் சொன்னாள்.

"இவுக பக்கத்துல நின்னு நீங்க தட்டுத் துடைச்சதை மாமரத்தடியில இருந்து பாத்தேன். இவுக முகத்துல அப்படி ஒரு சிரிப்பு. கை எரிஞ்சதை விட அதுதான் எரிஞ்சுது. அந்தக் கோவத்துலதான் ஆறிருச்சுன்னு சொன்னேன்."

நல்லபெருமாள் அவளை முதல் தடவையாகப் பார்ப்பதுபோலப் பார்த்தார். இருபது நாள் ஜன்னலடியில் இவர் எரிந்த மாதிரியே, இந்த இரண்டு நாளும் மரத்தடியில் அவளும் எரிந்திருக்கிறாள். அதே இரண்டு மணிக்கு!

"மாட்டு" என்றார் அம்மை.

குணவதி குனிந்து காந்தத்தைக் கதவோரத்தில் பொருத்தினாள். ஒரு கையால் திருகாணி நிற்கவில்லை. நல்லபெருமாள் டெஸ்டரால் முறுக்கினார். கதவை மூடினார்கள். பொத்தானை யார் அமுக்குவது என்று இரண்டு பேரும் தயங்கினார்கள். அம்மை எழுந்து வந்து அமுக்கினார்.

மெஷின் உறுமிக்கொண்டு ஓடியது.

அம்மை மருந்துப் பெட்டியைக் கொண்டுவரச் சொன்னார். கவிழ்த்த வாளியில் குணவதியை உட்கார வைத்து, ஒட்டிய துணியை வெந்நீரால் நனைத்து மெல்லப் பிரித்தார். அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள்.

"ஹோட்டல்ல அந்த மாஸ்டர் தோசையைத் தூக்கிப் போட்டுத் திருப்புவார்னு சொன்னியே, அப்புறம் என்ன ஆச்சு?" என்று அம்மை கேட்டார்.

"ஒரு நாளு அது மேல ஓடுற ஃபேன்ல மாட்டிக்கிடுச்சு."

அம்மை சிரித்தார். அந்தச் சிரிப்பைத்தான் நல்லபெருமாள் இருபது நாளாக ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தார். கிட்டத்தில் பார்த்தபோது அம்மையின் கண் சிரிப்பில் இல்லை, புண்ணிலேயே இருந்தது.

மெஷின் நின்றது. கதவைத் திறந்தார். ஆவி முகத்தில் அடித்தது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே தட்டுகள் காய்ந்தன.

நல்லபெருமாளுக்கு இன்னும் ஒன்று பாக்கி இருந்தது. அதைக் கேட்காமல் போனால் அவருக்குச் சோறு இறங்காது.

"அம்மை, ஒண்ணு கேக்கலாமா?"

"கேளுங்க."

"இப்போ நடந்ததை விடுங்க. இதுக்கு முன்னாடி பதினோரு வருஷம். தினமும் தொட்டியடிக்கு வந்தீங்களே. அது எனக்காகத்தானே?"

அம்மை புதுத் துணியைச் சுற்றி, நுனியைக் கிழித்து முடிச்சுப் போட்டார். முடிச்சு இறுக்கமாக இருக்கிறதா என்று விரலை விட்டுப் பார்த்தார்.

"தட்டு ஈரமா இருந்துச்சு, அண்ணாச்சி."

குணவதிக்குச் சிரிப்பு வந்தது. அடக்கப் பார்த்தும் முடியவில்லை. பிறகு தன் கையில் இருந்த புதுக் கட்டைக் குனிந்து பார்த்தாள். அவள் சிரிப்பும் நின்றுவிட்டது.

அம்மை மருந்துப் பெட்டியை மூடி எடுத்துக்கொண்டு கூடத்துக்குப் போய்விட்டார்.

மறுநாள் அமாவாசை. இருநூற்று முப்பது பேர். மெஷின் நிற்காமல் ஓடியும் எச்சில் தட்டுகள் மலைபோலக் குவிந்தன. நல்லபெருமாள் பாதியைத் தொட்டிக்கு இழுத்துக்கொண்டு கழுவ ஆரம்பித்தார். கழுவிய தட்டுகள் பக்கத்தில் தண்ணீர் சொட்டச் சொட்ட ஏறிக்கொண்டே போயின. அடுத்த பந்திக்கு ஆட்கள் உட்கார்ந்துவிட்டார்கள்.

அவர் வாசலைப் பார்த்தார். அம்மை வரவில்லை. கூடத்தில் மயங்கி விழுந்த ஒரு அம்மாளுக்கு விசிறிக்கொண்டிருந்தார்.

பக்கத்தில் யாரோ வந்து நின்றது தெரிந்தது. குணவதி. வலது கையில் துண்டு. நின்றது, பதினோரு வருஷமாக அம்மை நிற்கும் இடத்தில்.

நல்லபெருமாளுக்குச் சுருக்கென்றது. எல்லாம் நேற்றோடு போய்விட்டது என்று சொல்ல எனக்கு ஆசைதான். போகவில்லை. 'அது அம்மை நிக்கற இடம்' என்று நாக்கு நுனி வரை வந்துவிட்டது.

"இங்க நிக்கலாமா அண்ணாச்சி?" என்று அவள் கேட்டாள்.

கேட்டுக்கொண்டே ஒரு தட்டை எடுக்கப் பார்த்தாள். ஒரு கையால் துடைத்தால் பிடிக்க ஆள் இல்லை; பிடித்தால் துடைக்க ஆள் இல்லை. தட்டு வழுக்கித் தொட்டிச் சுவரில் இடித்தது.

நல்லபெருமாள் ஈரத் தட்டை எடுத்து, இரண்டு கையாலும் அவள் முன்னால் பிடித்துக்கொண்டார்.